ரெஜி, உன் மங்கலைத் துடைத்தவள் நான்தான்

என் ரெஜிக்கு,

முகத்தைப் பார்த்துப் பேசத் தெரியாதவள் என்று மூன்று வருடம் என்னிடம் திட்டு வாங்கியவளுக்கு, எதிர்த்து ஒரு வார்த்தை சொல்லாமல் போய்ச் சேர்ந்தவளுக்கு, உன் பத்மாக்கா எழுதுவது.

உன்மேல் எனக்கு இன்னும் கோபம் தீரவில்லை. இறந்துபோன பெண்மேல் என்ன கோபம், மனதில் போட்டுக் குமையாதே என்கிறார் என் வீட்டுக்காரர். அவருக்கென்ன, சொல்லிவிட்டு வண்டியை எடுத்துக்கொண்டு ஷிஃப்டுக்குப் போய்விடுகிறார். நான்தான் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்து, உன் அம்மா வெங்காயம் நறுக்குவதை மறுபடியும் மறுபடியும் பார்த்துக்கொண்டிருக்கிறேன். கோபத்தில் பாதி உன்மேல், பாதி என்மேல். எது எந்தப் பாதி என்று பிரிக்க வரவில்லை. அதனால் மொத்தத்தையும் உனக்கே எழுதுகிறேன்.

இதை வேறு சிலரும் படிப்பார்கள். அவர்களுக்காக உனக்குத் தெரிந்ததையும் திரும்பச் சொல்லவேண்டியிருக்கிறது. நீ பொறுமைசாலி, பொறுத்துக்கொள்வாய்.

முதலில் ஆபீஸ் சங்கதி. உன் இடத்தில் ஹூப்ளிப் பெண் ஒருத்தி வந்திருக்கிறாள். நல்ல பெண், வேலையும் சுத்தம். அவளுடைய திரையில் எழுத்து எல்லோருக்கும் இருக்கிற அளவில்தான் இருக்கிறது. நீ எழுத்தை இட்லி அளவுக்குப் பெரிதாக்கி வைத்துக்கொண்டு, மூன்று வரி படிக்க மூன்று தடவை நகர்த்துவாயே, அதைக் கேலி செய்தவர்களில் நானும் ஒருத்தி. எதிர் வரிசையில் இருப்பவன் தன் இடத்திலிருந்தே உன் ஸ்கிரிப்டைப் படித்துவிட்டதாகச் சொல்வான். நீயும் சேர்ந்து சிரிப்பாய். ஏன் சிரித்தாய் என்றுதான் இப்போது கேட்கிறேன்.

வைட்ஃபீல்டில் நாம் செய்த வேலை உனக்குத் தெரியும், இவர்களுக்குத் தெரியாது. தீப்பிடித்தால் எந்தப் படிக்கட்டில் இறங்கவேண்டும், நாற்காலியில் எப்படி உட்கார்ந்தால் முதுகு வலிக்காது என்று கம்பெனி ஊழியர்களுக்குச் சொல்லித்தரும் சின்னச் சின்னப் படங்கள். நீ எழுதுவாய். நான் வெட்டி ஒட்டிச் சரிசெய்வேன். எனக்கு அங்கே எடிட்டர் என்று பெயர். சரியில்லாததைச் சரியாக்குவதுதான் என் வேலை, அதில் எனக்குக் கொஞ்சம் திமிரும் உண்டு.

ஒருநாள் மாலை மெட்ரோவில் நின்றுகொண்டு வரும்போது நீ ஆரம்பித்தாய். சொந்தமாக ஒரு படம் எடுக்கவேண்டும், பன்னிரண்டு நிமிடம், ஞாயிற்றுக்கிழமைகளில் எடுத்தால் போதும் என்றாய்.

“ஒரே கிச்சன் அக்கா. முதல் ஆறு நிமிஷம் எல்லாரும் பாக்கற கிச்சன். அடுத்த ஆறு நிமிஷம் ஒருத்தி மட்டும் பாக்கற கிச்சன். எது நிஜம்னு படம் சொல்லாது.”

கதை என்ன என்று கேட்டேன். அம்மா வெங்காயம் நறுக்குவாங்க என்றாய். அப்புறம் என்றேன். அழுவாங்க, வெங்காயம் இல்லையா என்றாய். பக்கத்தில் நின்ற ஆள் சிரித்துவிட்டார். இந்திராநகர் வரும்வரைக்கும் நான் உன்னை ஓட்டிக்கொண்டே வந்தேன். நீ வழக்கம்போல என் முகத்தைப் பார்க்காமல், என் காதைப் பார்த்துக்கொண்டு நின்றாய்.

அது எனக்கு எப்போதுமே எரிச்சல். யாரோடு பேசினாலும் நீ அவர்களுடைய முகத்துக்குப் பக்கத்தில் எதையோ பார்ப்பாய். மேனேஜர் ஒருமுறை உனக்கு மரியாதை போதாது என்றே எழுதிவிட்டார். என் காதுல அப்படி என்னடி ஒட்டிக்கிட்டிருக்கு என்று நான் கேட்டதற்கு, ஒன்றும் இல்லாததுதான் பிரச்சினை என்றாய். என் பிறந்தநாளுக்கு ஒரு ஜோடி ஜிமிக்கி வாங்கி வந்தாய். எவ்வளவு பெரியது! மாட்டுக்கு மணி கட்டின மாதிரி இருக்கு என்று சொல்லி, ஒரே ஒருநாள் போட்டுவிட்டு டப்பாவில் வைத்துவிட்டேன். எப்போது போடுவீங்க என்று மாதம் ஒருமுறையாவது கேட்பாய்.

படப்பிடிப்புக்கு வருகிறேன். பிரேசர் டவுனில் உங்கள் வீட்டுச் சமையலறை. உன் அம்மா பூசை முடிந்து சர்ச்சிலிருந்து வந்து, நல்ல புடவையோடேயே மேசையில் உட்கார்வார். சிவப்புக் கல் கம்மலைக் கழற்றி வைக்கப் போவார், நீ கத்துவாய். கழட்டாதம்மா, கம்மல் இருக்கணும் என்பாய். காட்சிக்குக் காட்சி மாறக்கூடாது என்பதற்காகச் சொல்கிறாய் என்று நான் நினைத்துக்கொண்டேன். ஃபோகஸ் மட்டும் நீங்க பாருங்க அக்கா என்று ஒவ்வொரு தடவையும் என்னிடம் தள்ளிவிடுவாய். சோம்பேறித்தனம் என்று அதற்கும் ஒரு பாட்டு விட்டேன்.

முதல் ஆறு நிமிடம் ஒழுங்காக முடிந்தது. இரண்டாவது பகுதிக்கு வந்தபோது, லென்ஸுக்கு முன்னால் மாட்டும் கண்ணாடியைக் கையில் எடுத்து, நடுவில் வாசலினைத் தடவ ஆரம்பித்தாய். அப்படித் தடவினால் படத்தின் நடுப்பகுதி மங்கிவிடும், ஓரங்கள் மட்டும் தெளிவாக இருக்கும். அது எனக்கும் தெரிந்த வேலைதான். ஆனால் நீ அரை மணிநேரம் தடவினாய். தடவுவாய், தலையைச் சாய்த்துப் பார்ப்பாய், துணியால் துடைப்பாய், மறுபடி தடவுவாய். கடைசியில் வந்தது வட்டமாகக்கூட இல்லை. இடது பக்கம் சாய்ந்த மாங்கொட்டை மாதிரி ஒரு கறை.

தடவுறதுதான் தடவுற, வட்டமாவது தடவக் கூடாதா என்றேன். இல்லக்கா, இப்படித்தான் இருக்கும் என்றாய். எப்படி இருக்கும், யாருக்கு இருக்கும் என்று நான் கேட்டிருக்கவேண்டும். கேட்கவில்லை. நான் கேட்டது வேறு.

“உங்கம்மா மூஞ்சியே தெரியல. பாக்கறவனுக்கு என்ன, கண்ணு அவிஞ்சா போச்சு?”

ரெஜி, அந்த வாயை நான் என்ன செய்வது? நீ சிரித்தாய். கண்ணாடியைக் கேமராவில் மாட்டிக்கொண்டே, அவிஞ்சா போச்சுன்னு வெச்சுக்குங்களேன் என்றாய்.

நம் ஆபீஸில் ஒரு பழக்கம் உண்டு. வாடிக்கையாளர் என்ன வித்தைக் காட்சி கேட்டாலும், அதை எடுத்துவிட்டு, அதே காட்சியை எந்த வித்தையும் இல்லாமல் பளிச்சென்று இன்னொரு தடவை எடுத்து வைத்துக்கொள்வோம். அதற்குப் பெயர் சேஃப்டி. பிறகு மனம் மாறினால் கைகொடுக்கும். அதை உன் படத்திலும் செய்யவேண்டும் என்று பிடிவாதம் பிடித்தேன். உனக்குப் பிடிக்கவில்லை. எடுத்துக்கோங்க, நான் பாக்க மாட்டேன் என்று சொல்லிவிட்டு பால்கனியில் போய் நின்றுகொண்டாய். இரண்டாவது பகுதியின் அத்தனை சேஃப்டியையும் எடுத்தது நான்தான். வாசலின் இல்லாமல், முகம் நடுவில், ஒவ்வொரு சுருக்கமும் தெரிகிற மாதிரி எடுத்தேன்.

எனக்குப் பிடிக்காதது வாசலின் மட்டும் அல்ல. சில காட்சிகளில் நீ கேமராவை வேண்டுமென்றே தள்ளி வைத்திருந்தாய். நடுவில் வெறும் சுவர், அதன்மேல் மங்கல், அம்மா ஒரு மூலையில். கடைசிக் காட்சி இன்னும் மோசம் என்று நினைத்தேன். அம்மாவின் முகம் மங்கலாக நடுவில் இருக்கிறது. கேமரா மெதுவாக முகத்தைவிட்டு விலகி, கம்மலுக்குப் போய், அதையும் தாண்டித் தட்டு அடுக்கிய அலமாரிப் பக்கம் நகர்கிறது. ட்ரைபாடு திருகு லூசாகி நழுவிவிட்டது என்றே முடிவு கட்டிவிட்டேன். இன்னொரு தடவை எடுக்கலாமா என்றேன். வேண்டாம், சரியா வந்திருக்கு என்றாய். உனக்கு எதுதான் சரியாக வராமல் இருந்தது என்று முணுமுணுத்தேன்.

இனி நான் செய்ததைச் சொல்கிறேன். இதைச் சொல்லத்தான் இவ்வளவு சுற்றி வந்தேன்.

படத்தை வெட்டி ஒட்டும் வேலை முழுவதும் என் கையில். முதலில் நீ சொன்னபடிதான் ஒட்டினேன். ஓட்டிப் பார்த்தால் எனக்குத் தலை வலித்தது. திரையிடப் போகிற ஃபிலிம் கிளப்புக்கு அனுப்பும் நாள் நெருங்கிவிட்டது. உன்னைக் கூப்பிட்டேன், வந்து ஒருமுறை பாரு என்றேன். லேப்டாப்ல வேண்டாம் அக்கா, பெரிய ஸ்க்ரீன்ல பாத்துக்கறேன், உங்கமேல நம்பிக்கை இருக்கு என்றாய். அந்த நம்பிக்கையை வைத்துக்கொண்டு நான் என்ன செய்தேன் தெரியுமா? இரண்டாவது பகுதியில் இருந்த உன் காட்சிகளை ஒவ்வொன்றாக எடுத்துவிட்டு, அந்த இடத்தில் என் சேஃப்டியைப் போட்டேன். கடைசிக் காட்சிக்கும் அதேதான். முகம் பளிச்சென்று தெரிகிற மாதிரி நாலு நொடி வைத்து முடித்துவிட்டேன். உன் காட்சிகளை ஒரு ஃபோல்டரில் போட்டு, அதற்கு ‘வேண்டாதவை’ என்று பெயர் வைத்தேன்.

உன்னிடம் சொல்லிவிடவேண்டும் என்று நினைத்தேன். முதல்நாள் சொல்லலாம், அன்றைக்குக் காலை சொல்லலாம், உள்ளே போகும்போது சொல்லலாம் என்று தள்ளிக்கொண்டே போய், விளக்கை அணைத்துவிட்டார்கள். சண்டை போடுவாய், மூன்று நாள் பேசமாட்டாய், நாலாம் நாள் டிபன் பாக்ஸைத் திறந்து நீட்டுவாய். அவ்வளவுதான் கணக்குப் போட்டிருந்தேன்.

உங்கள் வீட்டுப் பக்கத்திலேயே ஒரு மாடி ஹால், நாற்பது நாற்காலி. நீ கடைசி வரிசையில் நடைபாதை ஓரமாக, தலையைச் சாய்த்து உட்கார்ந்திருந்தாய். பக்கத்து நாற்காலியில் நான். திரையைப் பார்க்கவே இல்லை, உன்னையே பார்த்துக்கொண்டிருந்தேன். இரண்டாவது பகுதி ஆரம்பித்தது. உன் அம்மாவின் முகம் கண்ணாடி மாதிரி திரையில் தெரிகிறது. இப்போது எழுந்து போவாய், இப்போது என்னைத் திரும்பி முறைப்பாய் என்று காத்திருந்தேன். நீ அசையவில்லை. என் கையைப் பிடித்துக்கொண்டாய்.

“நான் பாக்கற மாதிரியே இருக்கு அக்கா. அப்படியே வந்திருக்கு.”

விளக்கு வந்தபிறகு ஒன்று கேட்டாய். கடைசி ஷாட் மட்டும் ஏன் அவ்வளவு சீக்கிரம் முடிந்துவிட்டது என்றாய். ட்ரைபாடு ஆடிவிட்டது, அதான் வெட்டிட்டேன் என்றேன். நீ கொஞ்ச நேரம் என் காதைப் பார்த்தாய். ம், பரவால்ல, விடுங்க என்று சொல்லிவிட்டு டீ எடுக்கப் போனாய்.

நான் ஜெயித்துவிட்டதாக நினைத்தேன். நீ கண்டுபிடித்துவிட்டாய், ஆனால் நான் செய்ததுதான் சரி என்று ஒத்துக்கொண்டாய், வாயால் சொல்லத்தான் மனம் வரவில்லை என்று எடுத்துக்கொண்டேன். வீட்டுக்குப் போய் என் வீட்டுக்காரரிடம் பெருமையடித்தேன். முகம் தெரிந்ததால்தான் எல்லோரும் கைதட்டினார்கள் என்றேன்.

அதற்கப்புறம் ஐந்து மாதம்தான் நீ இருந்தாய். ஒரு செவ்வாய்க்கிழமை காலை குளிக்கப் போனவள் விழுந்தாய். மூளையில் ரத்தக்கசிவு, மூன்றே நாள். ஏற்கனவே உடம்புக்கு ஏதாவது இருந்ததா என்று டாக்டர் கேட்டபோது, கண்ணில் ஒரு கோளாறு உண்டு, அதற்கு மருந்து கிடையாது என்று சொன்னார்கள் என்றார் உன் அம்மா. பக்கத்தில் நின்ற எனக்கு அது புதுச் செய்தி. இதற்கும் அதற்கும் சம்பந்தமில்லை என்று டாக்டர் சொல்லிவிட்டார். அந்த நேரத்தில் நானும் அதை விட்டுவிட்டேன்.

அடக்கம் முடிந்து ஒரு மாதம் கழித்து, ஆபீஸ் இன்சூரன்ஸுக்காக உன் ஆஸ்பத்திரிக் காகிதங்களையெல்லாம் உன் அம்மா ஒரு பையில் போட்டு என்னிடம் கொடுத்தார். அதில் கண் ஆஸ்பத்திரி ஃபைல் ஒன்று இருந்தது. நாலு வருடப் பழையது. உள்ளே ஒரு கட்டம் போட்ட தாள். நடுவில் ஒரு புள்ளி. புள்ளியைப் பார்த்துக்கொண்டு, எங்கே தெரியவில்லையோ அங்கே பென்சிலால் தீட்டுங்கள் என்று மேலே அச்சடித்திருந்தது. நீ தீட்டியிருந்தாய்.

இடது பக்கம் சாய்ந்த மாங்கொட்டை.

அந்தத் தாளை மடியில் வைத்துக்கொண்டு மெட்ரோவில் உட்கார்ந்திருந்தேன் ரெஜி. கூட்டம். எனக்கு இறங்கவேண்டிய இடமும் போய்விட்டது, அடுத்ததும் போய்விட்டது. எத்தனை நேரம் அந்தக் கண்ணாடியில் தடவித் தடவித் துடைத்தாய் என்று நினைத்துப் பார்த்தேன். வட்டமாகத் தடவு என்று சொன்னேனே! நீ ஒரு வித்தையும் காட்டவில்லை. உன் கண்ணை எடுத்து என் முன்னால் வைத்திருக்கிறாய், நான் அதைத் துடைத்துச் சுத்தம் செய்திருக்கிறேன்.

பிறகு ஒரு கண் டாக்டரிடம் அந்தத் தாளைக் காட்டி விசாரித்தேன். விழித்திரையின் நடுப்பகுதி கொஞ்சம் கொஞ்சமாகப் போய்விடும் நோய் என்றார். எதை நேராகப் பார்க்கிறார்களோ அது தெரியாது. பக்கத்தில் இருப்பதுதான் தெரியும். அதனால் ஒரு முகத்தைப் பார்க்கவேண்டுமென்றால் அவர்கள் முகத்தைவிட்டுக் கொஞ்சம் தள்ளி, காதையோ தோளையோ பார்ப்பார்கள், அப்போதுதான் ஓரத்தில் முகம் தெரியும் என்றார். அவர் சாதாரணமாகச் சொல்லிக்கொண்டே போனார். நான் நன்றிகூடச் சொல்லாமல் எழுந்து வந்துவிட்டேன்.

அன்றைக்கு ஹாலில் நீ பார்த்தது என்ன? என் பளிச்சென்ற காட்சிகள்மேல் உன் கண்ணே மங்கலைப் போட்டுக்கொண்டது. நீ சுவர்ப் பக்கம் கண்ணைத் திருப்பியபோதெல்லாம் அம்மா தானாக மூலைக்குப் போயிருப்பார். உன் படம் ஓடுகிறது என்று நினைத்து, நீ என் படத்தைப் பார்த்திருக்கிறாய். நான் பாக்கற மாதிரியே இருக்கு என்றாயே, அது எவ்வளவு நிஜம்! அதற்காகவா என் கையைப் பிடித்தாய்? எது நிஜம் என்று படம் சொல்லாது என்றாய், சரி. அந்த நாற்பது பேரில் உன் படத்தைப் பார்த்தது நீ ஒருத்திதான், அதுவும் திரையில் இல்லாத படத்தை. இதை யாரிடம் போய் நான் சொல்வது?

எதைத்தான் கண்டுபிடித்தாய் என்றால், கடைசிக் காட்சி குறைந்ததை. அதற்கும் பரவால்ல என்றாய். ஏன் பரவாயில்லை? ஏன் விடவேண்டும்? எங்கிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் என்ன? வேலை போய்விடும் என்று பயந்தாயா? பாவம் என்று பார்ப்பேன் என்று நினைத்தாயா? அல்லது சொல்லித்தான் பார்த்தாயா, பன்னிரண்டு நிமிடம் முழுக்கச் சொல்லிப் பார்த்தும் எனக்குத்தான் விளங்கவில்லையா? கடைசிக் கேள்விக்கு மட்டும் நீ பதில் சொல்லவேண்டாம்.

‘வேண்டாதவை’ ஃபோல்டர் அப்படியே இருந்தது. நல்லவேளை, அதை அழிக்கிற அளவுக்கு எனக்கு நேரம் கிடைக்கவில்லை. உன் காட்சிகளை உன் இடத்தில் திரும்ப வைத்தேன். இந்தத் தடவை தலை வலிக்கவில்லை.

வருகிற ஞாயிற்றுக்கிழமை அதே ஹாலில் உன் நினைவாகப் படத்தைப் போடுகிறார்கள். ஃபிலிம் கிளப் சந்தோஷைக் கூப்பிட்டு, இது வேறு பிரதி, இதைத்தான் போடவேண்டும் என்றேன். பார்த்துவிட்டுத் திரும்பக் கூப்பிட்டார்.

“மேடம், இதுல மூஞ்சியே தெரியல்லையே. ஹளேது சென்னாகிதெ, அதையே போட்டுடலாம்.”

பழையது நன்றாக இருக்கிறதாம். என் வாயிலிருந்து வந்த அதே வார்த்தையை, கன்னடம் கலந்து எனக்கே திருப்பிச் சொல்கிறார். அவரைத் திட்டவும் முடியவில்லை. முக்கால் மணிநேரம் விளக்கினேன். கடைசியில் இறங்கி வந்தார், ஆனால் ஒரு நிபந்தனை போட்டார். இயக்குநருக்குக் கண் நோய் இருந்தது என்று படத்துக்கு முன்னால் ஒரு கார்டு போடவேண்டுமாம், இல்லையென்றால் ப்ரொஜெக்டர் கெட்டுவிட்டது என்று எழுந்து வருவார்களாம். வேண்டவே வேண்டாம் என்றேன். கார்டைப் பார்த்துவிட்டு உட்கார்ந்தால் அவர்கள் படத்தையா பார்ப்பார்கள், உன்னைப் பார்த்து உச்சுக் கொட்டிக்கொண்டிருப்பார்கள். அது உனக்கு ஆகாது என்பதாவது எனக்குத் தெரியும்.

சந்தோஷை விடு. அவரைவிடப் பெரிய தடை ஒன்று இருந்தது. உன் அம்மா.

உன் அம்மாவின் ஃபோனில் என் பிரதிதான் இருக்கிறது. சர்ச்சில், மார்க்கெட்டில், பக்கத்து வீட்டுத் தபஸ்ஸும் அக்காவிடம், எல்லோரிடமும் போட்டுக் காட்டுகிறார். எம் பொண்ணு என்னை எப்படிப் பாத்திருக்கா பாரு, ஒரு சுருக்கம் விடாம எடுத்திருக்கா என்று சொல்லிச் சொல்லி அழுகிறார், அழுதுகொண்டே சிரிக்கிறார். அந்தக் காட்சிகள் நான் எடுத்தவை. நீ பால்கனியில் நின்றுகொண்டிருந்தாய். நோய் இருந்தது அவருக்குத் தெரியும், ஆனால் பேப்பர் படிக்கச் சிரமம் என்கிற அளவில்தான் சொல்லி வைத்திருக்கிறாய். உன் படத்தைத் திரையில் போட்டால், தன் முகம் தன் மகளுக்குத் தெரியாமலே இருந்தது என்று நாற்பது பேர் நடுவில் அவர் தெரிந்துகொள்வார். போடாவிட்டால் உன் படம் மறுபடி ‘வேண்டாதவை’க்குப் போகும். எதைச் செய்தாலும் ஒருத்திக்குத் துரோகம். இப்படி ஒரு இடத்தில் கொண்டுவந்து நிறுத்திவிட்டுப் போனாயே என்று அன்றைக்கு உன்னைத் திட்டிய திட்டு உனக்குக் கேட்டிருக்கும்.

போன ஞாயிறு லேப்டாப்பை எடுத்துக்கொண்டு உங்கள் வீட்டுக்குப் போனேன். தெருவை மறுபடி தோண்டிப் போட்டிருக்கிறார்கள், பலகைமேல் நடந்துதான் வீட்டுக்குள் போகவேண்டும். உன் அம்மா பூசை முடிந்து வந்திருந்தார். அதே மேசை. டீ கொடுத்தார். நான் அதைக் குடிக்காமல், நடந்தது முழுவதையும் சொல்லிக் கொட்டிவிட்டேன். சேஃப்டி, ஃபோல்டர், கட்டம் போட்ட தாள் எல்லாவற்றையும். உங்க ஃபோன்ல இருக்கறது அவ எடுத்ததில்ல ஆன்ட்டி, நான் எடுத்தது என்றேன். போடு, பாக்கலாம் என்றார்.

பார்த்தார். முதல் ஆறு நிமிடம் முடிந்து மங்கல் வந்தது. தன் முகம் இருக்கவேண்டிய இடத்தில் சாய்ந்த ஒரு கறை. சுற்றி எல்லாம் பளிச்சென்று இருக்கிறது, காலண்டர், அடுப்பு, வளையல், வெங்காயத் தோல். உன் அம்மா கையை வாயில் வைத்துக்கொண்டார்.

“இப்படியாமா இருந்தேன் அவளுக்கு?”

நிறுத்திவிடலாம் என்று கையை நீட்டினேன். கையைத் தட்டிவிட்டார்.

கடைசிக் காட்சி வந்தது. நான் திருகு லூசு என்று சொன்ன காட்சி. மங்கலான முகம் நடுவில். கேமரா மெதுவாக நகர்கிறது. சிவப்புக் கல் கம்மலைத் தொடுகிறது, தாண்டுகிறது. கேமரா நகர நகர அந்தக் கறையும் கூடவே நகர்ந்து தட்டு அலமாரிமேல் போய் உட்காருகிறது. படத்தின் ஓரத்தில், கறை விட்டுப்போன இடத்தில், உன் அம்மாவின் முகம் முழுசாகத் தெளிகிறது. கண், மூக்கு, ஒவ்வொரு சுருக்கமும். அவர் வெங்காயத்திலிருந்து நிமிர்ந்து, என்னடி பாக்கற என்று கேட்கிறார். படம் முடிகிறது.

உன் அம்மாவின் கை தானாகத் தன் காதுக்குப் போனது. வெகுநேரம் கம்மலைத் திருகிக்கொண்டே இருந்தார்.

“வூட்டுக்குள்ள எதுக்குடி கம்மல்னு கழட்டப் போவேன், வுடமாட்டா. பேசும்போதெல்லாம் இதையே பாத்துக்கினு இருப்பா. கம்மல்மேல ஆசை போலன்னு, என் காலத்துக்கு அப்புறம் இது உனக்குத்தான்டின்னு சொல்லி வெச்சிருந்தேன்.” கம்மலிலிருந்து கையை எடுத்தார். “கம்மலைப் பாக்கல பத்மா. அவ என்னைப் பாத்துக்கினு இருந்திருக்கா.”

அப்புறம்தான் இருவரும் அழுதோம். அழுது முடித்துவிட்டு, ஆறிப்போன டீயைக் கொண்டுபோய் மறுபடி சுடவைத்தார். இதையே போடு என்றார். ஆனால் நான் எடுத்தது அவர் ஃபோனில் அப்படியே இருக்கவேண்டுமாம், அதில் புடவை நன்றாகத் தெரிகிறதாம். சந்தோஷிடமும் அங்கேயே ஃபோன் போட்டுப் பேசினார். என்ன பேசினாரோ, கன்னடத்தில் மடமடவென்று கொட்டினார். அந்தப் பக்கம் ஆய்த்தம்மா, ஆய்த்தம்மா என்று அவர் ஒத்துக்கொள்வது மட்டும் எனக்குக் கேட்டது.

ஆக, ஞாயிற்றுக்கிழமை உன் படம்தான் ஓடும். கார்டு கிடையாது. எழுந்து போகிறவர்கள் போகட்டும். கடைசிவரை உட்கார்ந்திருப்பவர்களுக்கு, வெளியே போகும்போது வாசலில் இந்தக் கடிதத்தைக் கொடுக்கச் சொல்லியிருக்கிறேன். அவர்கள் படத்தைப் பார்த்தபிறகு உன்னைத் தெரிந்துகொள்ளட்டும்.

எனக்குக் கோபம் போய்விட்டது என்று நினைக்காதே. அன்றைக்குக் கடைசி வரிசையில் நீ கையைப் பிடித்தாயே, அந்தப் பன்னிரண்டு நிமிடத்தை மட்டும் என்னால் திருத்தவே முடியாது. சரியில்லாததைச் சரியாக்குகிறவள் என்ற திமிரோடு இருந்தவளுக்கு, திருத்த முடியாத ஒன்றைக் கொடுத்துவிட்டுப் போயிருக்கிறாய். அதற்காக உன்னை ரொம்ப நாள் திட்டுவேன்.

ஒன்று சொல்கிறேன், இது சத்தியம். இனி யார் கொண்டுவந்த காட்சியையும், ஏன் இப்படி எடுத்தாய் என்று கேட்காமல் துடைக்கமாட்டேன். ஞாயிற்றுக்கிழமை கடைசி வரிசையில் நடைபாதை ஓரத்து நாற்காலியைக் காலியாக விடச் சொல்லிவிட்டேன். அதற்குப் பக்கத்தில் நான் உட்காருவேன். நேற்று டப்பாவைத் திறந்து ஜிமிக்கியை எடுத்துப் போட்டுக்கொண்டேன். கனமாகத்தான் இருக்கிறது, காது வலிக்கிறது. நீ என்னைப் பார்ப்பதற்காக வாங்கிக் கொடுத்ததை மூன்று வருடம் டப்பாவில் வைத்திருந்தேன் ரெஜி. இனிக் கழற்றமாட்டேன்.

காதைக் காட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கும்,
உன் பத்மாக்கா